கம்பனி வளவுக்குள் கிடப்பதெல்லாம் கம்பனியின் சொத்தா?

மதிப்புக்குரிய ஆசிரியருக்கு,

திருகோணமலையில் மீன் பதனிட்டு ஏற்றுமதி செய்துவந்த ஒரு கம்பனி கலைக்கப்படுவது பற்றித் தங்கள் பத்திரிகையில் வந்த செய்தியை வாசித்தேன். வங்கிக்கும் தொழிலாளருக்கும் இடையிலான இழுபறியாகவே அச்செய்தி விடயத்தைக் காட்டியிருந்தது. அதே கம்பனிக்கு மாதக்கணக்கில் மீனைக் கொடுத்துவிட்டுப் பணத்துக்காகக் காத்திருக்கும் குச்சவெளி, நிலாவெளி, கிண்ணியா, மூதூர்க் கடற்றொழிலாளரைப் பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை. நான் கணக்குப் பார்க்கும் கூட்டுறவுச் சங்கத்தின் அங்கத்தவர்கள் பலர் அவர்களுள் அடங்குவதால் இதை எழுதுகிறேன்.

சொத்துகளை ஏலத்தில் விற்று, கடன் கொடுத்த எல்லாருக்கும் சமமாகப் பிரித்துக் கொடுப்பார்கள் என்றே எங்கள் சனம் நம்பிக்கொண்டிருக்கிறது. 2007ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கம்பனிகள் சட்டம் அப்படிச் சொல்லவில்லை. காணியையும் குளிரறைகளையும் ஈடாகப் பெற்ற வங்கி, கலைப்புக்கு வெளியே நின்றுகொண்டே அவற்றை விற்றுத் தன் கடனை எடுத்துக்கொள்ளலாம். அதுவும் 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ், நாம் பராட்டே என்று சொல்லும் அந்த அதிகாரத்தால், வழக்குப் போடாமல் பணிப்பாளர் சபையின் தீர்மானத்தோடு ஏலத்துக்கே போய்விடலாம். எஞ்சுவதில், கம்பனியின் சொத்துகளைத் திரட்டி விற்றுக் கடன்களைத் தீர்க்க நியமிக்கப்படும் கலைப்பாளரின் செலவும் ஊதியமும் முதலில் கழியும். பின்னர் கம்பனிகள் சட்டத்தின் ஒன்பதாம் அட்டவணை கூறும் முன்னுரிமைக் கோரிக்கைகள் வரும்: ஊழியர் சேமலாப நிதி, ஊழியர் நம்பிக்கை நிதி, பணிக்கொடை ஆகியவற்றின் நிலுவைகளும், வரிகளும், சம்பள பாக்கியும் இவற்றுள் அடங்கும். மீன் கொடுத்தவரும், ஐஸ் கொடுத்தவரும், லொறி ஓட்டியவரும் இவர்கள் எல்லாருக்கும் பின்னால்தான்.

இந்த வரிசை நியாயமா என்பதைப் பற்றி நிறையப் பேசலாம். ஆனால் வரிசைப்படி பணம் கொடுக்கத் தொடங்குவதற்கு முன்னரே செய்யவேண்டிய ஒரு வேலை இருக்கிறது. பூட்டிய படலைக்குள் கிடப்பவற்றில் எது கம்பனியுடையது, எது பிறருடையது என்பதைப் பிரித்தறிவதே அது. அந்த வேலையில் இதுவரை எவரும் அக்கறை காட்டியதாகத் தெரியவில்லை.

வெளிமதிலோரம் அடுக்கிக் கிடக்கும் ரெஜிபோம் பெட்டிகளையும் பிளாஸ்டிக் கூடைகளையும் தெருவிலிருந்தே பார்க்கலாம். பலவற்றில் சிவப்புப் பெயின்ற்றால் உரியவரின் முதலெழுத்து எழுதியிருக்கிறது. அவை மீனோடு உள்ளே போய், வெறுமையாகத் திரும்பி வரவேண்டியவை. திருத்துவதற்கென்று கம்பனியின் வேலைத்தலத்தில் விட்ட படகு எஞ்சின்களும் உள்ளே இருக்கின்றன. கடன் கொடுத்தவர் ரூபாய்க்கு இத்தனை சதம் என்று பெறவேண்டியவர். தன் பொருளை அங்கே விட்டுவைத்தவரோ அந்தப் பொருளையே திரும்பக் கேட்கும் உரிமையுடையவர். பட்டியலிடாமல் வளவு முழுவதையும் ஒரே தொகுதியாக ஏலம் போட்டால், இந்த இரண்டாவது உரிமை சத்தமின்றி அழிந்துவிடும்.

தொழிலாளரின் சேமலாப நிதியைப் பற்றியும் இதே கேள்வியைக் கேட்கிறேன். 1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டப்படி தொழில்தருநர் செலுத்துவது 12 சதவீதம், தொழிலாளியின் சம்பளத்தில் பிடிப்பது 8 சதவீதம். பிடித்த அந்த 8 சதவீதம் ஒருநாளும் கம்பனியின் பணமாக இருந்ததில்லை. அதைப் பிடித்துவிட்டுக் கட்டாமல் விட்ட பிறகு, ‘முன்னுரிமைக் கடன்’ என்று பெயரிட்டு வங்கியின் ஈடு விற்று மிஞ்சியதில் தேடச் சொல்வதை என்னால் ஏற்கமுடியவில்லை. இந்தியாவில் 2016இல் வந்த திவால் சட்டக்கோவை, ஊழியருக்குச் சேமலாப நிதி, ஓய்வூதிய நிதி, பணிக்கொடை நிதி ஆகியவற்றிலிருந்து சேரவேண்டிய தொகைகளைக் கலைப்புச் சொத்துக்குள்ளேயே சேர்க்காமல் வெளியில் வைத்திருக்கிறது. நமது சட்டமும் குறைந்தபட்சம் இந்த 8 சதவீதத்தையாவது அவ்வாறு விலக்கிவைக்க வேண்டும். நாடாளுமன்றத்தில் இம்மாவட்டத்தைப் பிரதிநிதித்துவப்படுத்துவோர் இதைக் கையிலெடுத்தால் கட்சி பாராது ஆதரிக்கப் பலர் இருக்கிறார்கள்.

சட்டம் திருந்தக் காலம் எடுக்கும். கலைப்பாளர் உடனடியாகச் செய்யக்கூடியவையும் உண்டு. கோரிக்கைகளை எழுத்தில், ஆதாரத்தோடு, குறித்த நாளுக்குள் கொடுக்கவேண்டும் என்ற அறிவித்தல் தமிழ்ப் பத்திரிகைகளிலும், கொட்பே மீன்பிடித் துறைமுகத்திலும், பிரதேச செயலகங்களின் பலகைகளிலும் தமிழில் இருக்கவேண்டும். வழக்கு கொழும்பு வணிக மேல் நீதிமன்றத்தில் நடக்கிறது; நாளாந்தம் கடலுக்குப் போனால்தான் அடுப்பெரியும் ஒருவர் இரவு ரயிலேறி அங்கே போய்த் தன் பெட்டிக்காக வாதாடுவார் என்று எதிர்பார்க்கக்கூடாது. கடன்கொடுத்தோரின் ஒரு கூட்டத்தையாவது திருகோணமலையில் நடத்தவேண்டும்.

ஆதாரம் என்ற விடயத்திலேயே எங்கள் அங்கத்தவர்கள் மிகவும் தடுமாறுகிறார்கள். கம்பனி கொடுத்த நிறைத் துண்டில் திகதி இருக்கும், அறக்குளா, பாரை என்று மீனின் வகை இருக்கும், கிலோ இருக்கும், மேற்பார்வையாளரின் கையொப்பமும் இருக்கும். விலைக்குரிய கட்டம் மட்டும் வெறுமையாக இருக்கும். மாத முடிவில் கணக்குப் பார்க்கும்போதுதான் அது நிரப்பப்படும். காபன் பிரதியில் நீல எழுத்து மங்கிவருகிறது. இத்துண்டுகளைக் கம்பனியின் கொள்வனவுப் பதிவேட்டோடு ஒப்பிட்டு, அன்றைய சந்தை விலையில் கடனை ஏற்றுக்கொள்ளுமாறு கலைப்பாளரை வேண்டுகிறோம். பதிவேடுகள் வளவுக்குள்தான் இருக்கின்றன. தளபாடங்களோடு தளபாடமாக அவை அகற்றப்படுவதற்கு முன்னர் இதைச் செய்துமுடிக்க வேண்டும்.

இப்படிக்கு,
கூட்டுறவுச் சங்கக் கணக்காளர்,
உப்புவெளி, திருகோணமலை.