எடித் அம்மணி, அந்தப் பத்தாயிரம் டாலர் என்ன ஆச்சு?

அன்புள்ள எடித் ஹார்டி அம்மணிக்கு,

வணக்கம். 1915-இல் செசில் பி. டெமில் எடுத்த 'தி சீட்' என்ற மௌனப் படத்தில் உங்களைப் பார்த்தேன். நீங்கள் கற்பனைப் பாத்திரம்தான், தெரியும். இருந்தாலும் மனசு கேட்கவில்லை, எழுதிவிட்டேன்.

பெல்ஜிய அகதிகளுக்கென்று செஞ்சிலுவைச் சங்கத்துக்குச் சேர்ந்த பணம் பத்தாயிரம் டாலர். பெரிய வீட்டுப் பெண் என்று நம்பி உங்களிடம் கொடுத்து வைத்தார்கள். செலவைக் கொஞ்சம் குறை என்று கணவர் சொன்ன கடுப்பில், அதை எடுத்துப் பங்குச் சந்தையில் போட்டீர்கள். போனது போனதுதான். பேப்பரில் பெயர் நாறிவிடுமே என்ற பயத்தில் யானைத் தந்தம் விற்கும் ஜப்பானிய வியாபாரி டோரியிடம் கை நீட்டினீர்கள். அவர் என்ன கேட்டார் என்பது தெரிந்தேதான் வாங்கினீர்கள்.

அந்த டோரியாக வந்த செஸ்யூ ஹயகாவாவைச் சொல்லியாக வேண்டும். படம் தொடங்கும்போது சுற்றிலும் இருட்டு, முகத்தில் மட்டும் வெளிச்சம். சின்னச் சிலை ஒன்றில் காய்ச்சிய இரும்பால் தன் முத்திரையைப் பதிக்கிறார். 'இது என் உடைமை' என்று அர்த்தம். பின்னால் அதே இரும்பு உங்கள் தோளில் பதிகிறது. அது கொடுமை, அதில் எனக்கு இரண்டு கருத்து இல்லை. அப்போது நீங்கள் துப்பாக்கியால் டோரியைச் சுட்டதையும் குறை சொல்ல மாட்டேன்.

என் சந்தேகமெல்லாம் கோர்ட்டில்தான். பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்ட கணவர் குற்றவாளி என்று தீர்ப்பானதும், நீங்கள் ஓடிவந்து தோளைத் திறந்து காட்டுகிறீர்கள். கூட்டம் கொதித்து டோரி மேல் பாய்கிறது. நீங்களும் கணவரும் கல்யாண ஜோடி மாதிரி நடந்து வெளியே போகிறீர்கள். செஞ்சிலுவைப் பணத்தைப் பற்றி ஒருத்தர் வாய் திறக்கவில்லையே!

அப்புறம் ஒரு கூத்து. ஜப்பானியர்கள் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். 1918-இல் படத்தை மறுபடி வெளியிட்டபோது டோரியை பர்மாக்காரர் ஆக்கிவிட்டார்கள். மௌனப் படம் பாருங்கள், நடுநடுவே வசனம் காட்டும் எழுத்து அட்டையை மாற்றினால் ஆளே மாறிவிடுவார். பர்மா அப்போது பிரிட்டிஷ் இந்தியாவின் ஒரு மாகாணம். சண்டைக்கு வர அதற்குத் தூதரகம் ஏது?

சரி, கணக்குக்கு வருவோம். சங்கத்துக்கு நீங்கள் திருப்பிக் கட்டியது டோரியின் காசு. கணவர் கொடுத்த காசோலையை நீங்கள் நீட்டியபோது டோரி வாங்கவில்லை. அப்படியென்றால் அந்தக் கடன் இன்னும் நிற்கிறதா அம்மணி?

இப்படிக்கு,
உங்கள் ரசிகன்