சொன்னால் கேட்கும் பிள்ளை

அன்புள்ள பாப்பாவுக்கு,

இங்கு எல்லோரும் நலம். நார்த்தங்காய் ஊறுகாய் வந்து சேர்ந்ததா? அனுப்பி ஒரு மாதம் ஆகிறது. அம்மா தினமும் கேட்கிறாள். வேளைக்குச் சாப்பிடு.

அண்ணன் மகன் விடுமுறைக்கு வந்திருக்கிறான். பேசாப் படம் போட்டால்தான் வாய் திறக்கிறான், உன்னைப் போலவே. 1920-இல் வந்த ‘தி ஸ்கேர்குரோ’ நினைவிருக்கிறதா? வாயெல்லாம் கிரீமோடு வரும் நாயைப் பார்த்து, வெறி பிடித்துவிட்டது என்று பஸ்டர் கீட்டன் ஓடுவாரே! கூரையில்லாத வீட்டுச் சுவரின் மேல் அவர் சுற்றிச்சுற்றி ஓட, லூக் என்ற அந்த நாயும் ஏணி ஏறி வந்து விடாமல் துரத்தும். அந்த இடத்தில்தான் நீயும் சோற்றைத் துப்பிவிட்டுச் சிரிப்பாய்.

அந்தக் காலத்து நாய் நடிகர்களைப் பற்றித் தேடிப் படித்தேன். செஞ்சுரி ஸ்டூடியோவுக்குப் பிரவுனி என்ற நாய்தான் நட்சத்திரம். அதனுடன் நடிக்கப் பேபி பெக்கியைச் சேர்த்தபோது அவள் பச்சைக் குழந்தை. அப்பா சொன்னபடி கேட்கிறாள் என்பதைப் பார்த்துத்தான் இயக்குநர் எடுத்துக்கொண்டாராம். நாய்க்கும் அதே தகுதிதானே. அவள் சம்பாதித்த பணமெல்லாம் பெரியவர்கள் கையிலேயே கரைந்தது. 2020-இல், 101 வயதில்தான் இறந்திருக்கிறாள். அதற்கு மேல் படிக்க முடியவில்லை.

வீட்டுக்கு யார் வந்தாலும் தூங்குகிற உன்னை எழுப்பித் திருப்பாவை சொல்லச் சொன்னேன். நீயும் கண்ணைக் கசக்கிக்கொண்டு முப்பதும் சொல்வாய். “என் பெண் சொன்னால் கேட்பாள்” என்று ஊரெல்லாம் சொன்னேன். போட்டிகளில் நீ வாங்கிய கோப்பைகளை இன்றும் துடைத்து வைக்கிறேன், பெருமை போகவில்லை. ஆனால் திருநெல்வேலி மேடையில் நடுவில் மறந்து நின்றாயே, அன்று வீடு வரை நான் உன்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. ஒன்பது வயது உனக்கு. வாங்கித் தந்த பிஸ்கட்டைப் பிரிக்காமல் மடியிலேயே வைத்திருந்தாய். பஸ்ஸில் எனக்கு அது தெரிந்தது. தெரிந்தும் பேசவில்லை. தப்பு என்னுடையது, பாப்பா.

உன் அலுவலக எண்ணில் போன வாரம் வேறு யாரோ எடுத்தார்கள். நான் ஒன்றும் விசாரிக்கவில்லை, வைத்துவிட்டேன். அம்மாவிடமும் சொல்லவில்லை. அந்த வேலைக்கும் நான் சொல்லித்தானே போனாய். இரண்டு மாதமாக ஒரு வரி இல்லையே என்று கோபமும் இருக்கிறது, மறைக்கவில்லை.

வேளைக்குச் சாப்பிடு. எலுமிச்சை ஊறுகாயும் போட்டிருக்கிறாள். எந்த முகவரிக்கு அனுப்புவது என்று மட்டும் எழுது.

அப்பா