முகமூடிக்காரர்கள் மரக்கட்டைகள் அல்ல

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு இணைப்பில் 'ஸ்க்விட் கேம்' தொடரைப் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். நான் இராமேசுவரம் பக்கம் மண்டபம் என்ற ஊரில் ஓடாவி வேலை, அதாவது படகு கட்டும் தச்சு வேலை பார்ப்பவன். ஒரு காலத்தில் வத்தையும் வள்ளமும் கட்டினேன். பைபர் படகு வந்த பிறகு புது வேலை குறைந்துவிட்டது. இப்போது பழைய படகுக்குப் பலகை மாற்றுவது, பலகை இடுக்கை அடைத்துக் கலப்பத்துப் பார்ப்பது, அதோடு சரி. தொடரை என் பேரன்தான் அவன் போனில் போட்டுக் காட்டினான். கொரியாக்காரர்களைத் தமிழில் பேச வைத்திருக்கிறார்கள், அதனால் எனக்குச் சிரமம் இல்லை.

கட்டுரை நன்றாகத்தான் இருந்தது. ஓர் இடம் மட்டும் எனக்கு ஒப்பவில்லை. ஏழாவது பகுதியில் வந்து இறங்குகிறார்களே, தங்க நிறத்தில் மிருக முகமூடி போட்ட பணக்காரர்கள், அவர்கள்தான் தொடரின் ஓட்டை என்கிறார் கட்டுரையாளர். நடிப்பு சரியில்லையாம், பேச்சில் உப்புச்சப்பு இல்லையாம். கடைசியில் 'மரக்கட்டைகள்' என்று ஒரே போடாகப் போட்டுவிட்டார். முதலில் மரக்கட்டைக்காக நான் பேசியாக வேண்டும். நல்ல வேப்பங்கட்டையைத் தட்டினால் அது பதில் சொல்லும்.

பார்க்காதவர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 2021 செப்டம்பரில் நெட்ஃபிளிக்ஸ் நிறுவனத்தில் வந்த தொடர், ஒன்பது பகுதி, எடுத்தவர் ஹ்வாங் டாங்-ஹ்யுக். கடனில் முழுகிப்போன 456 பேரை ஒரு தீவுக்குக் கொண்டுபோய்ச் சின்னப் பிள்ளைகளின் விளையாட்டுகளை ஆட வைக்கிறார்கள். தோற்றால் உயிர் போகும். ஓர் ஆள் செத்தால் பரிசுத் தொகையில் 10 கோடி வொன் கூடும். அந்தக் கணக்கில் மொத்தம் 4,560 கோடி வொன். முகமூடிக்காரர்கள் கடைசி ஆட்டங்களை நேரில் பார்க்க வருகிறார்கள். அவர்கள் உட்காரும் இடத்தில் மனிதர்கள் உடம்பெல்லாம் சாயம் பூசிக்கொண்டு, மேசை நாற்காலி மாதிரி, அசையாமல் கிடக்கிறார்கள்.

பேச்சில் உப்பு இல்லை என்கிறாரே, ஒரே ஒரு இடத்தை மட்டும் பாருங்கள். அவர்களில் ஒருவன் 69 என்ற எண்ணின் மேல் பந்தயம் கட்டுகிறான். ஏன் அந்த எண் என்றால் ஓர் அசிங்கச் சிரிப்புக்காக. அந்த எண்ணுக்குரிய மனிதர், முந்தைய ஆட்டத்தில் மனைவியை இழந்து தூக்கில் தொங்கிவிட்டார். ஆள் உயிரோடு இல்லை என்று சொன்னதும் இவன் 96-க்கு மாறிக்கொள்கிறான். யார், எப்படிச் செத்தார், ஒரு கேள்வி கிடையாது. எண்ணைத் தலைகீழாகத் திருப்பிப் போட்டதோடு முடிந்தது. இதற்கு மேல் வில்லனுக்கு என்ன வசனம் வேண்டும்? நம்பியார் மாதிரி கையைப் பிசைந்துகொண்டு கண்ணை உருட்டியிருந்தால் கட்டுரையாளருக்குப் பிடித்திருக்குமோ என்னவோ.

கண்ணாடிப் பாலத்தைப் பற்றிக் கட்டுரையில் இரண்டு வரிதான் இருந்தது. எனக்கு மொத்தத் தொடரும் அங்கேதான் இருக்கிறது. உயரத்தில் 18 ஜோடிக் கண்ணாடி. ஒவ்வொரு ஜோடியிலும் ஒன்று ஆளைத் தாங்கும், இன்னொன்று உடைந்து ஆளோடு கீழே போகும். 16 பேர் வரிசையாகத் தாண்ட வேண்டும். முதலில் போகிறவர் வெறும் அதிர்ஷ்டத்தை நம்பிக் கடைசிவரை போய்ச் சேர வாய்ப்பு 2,62,144-ல் ஒன்று என்று பேரன் கணக்குப் போட்டுச் சொன்னான். மாடத்தில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு இந்தக் கணக்குதான் இனிக்கிறது.

அவர்களில், உடுப்பில் 17 என்ற எண் போட்டவர் கண்ணாடித் தொழிற்சாலையில் 30 வருடத்துக்கு மேல் வேலை பார்த்தவர். அவர் முறை வந்ததும் குனிந்து பார்க்கிறார். வெளிச்சம் கண்ணாடியில் விழுகிற விதத்தை வைத்தே எது கெட்டி, எது சாதா என்று பிரித்துவிடுகிறார். ஓர் அடி வைக்கிறார், அடுத்த அடி வைக்கிறார். மேலே இருப்பவர்களுக்கு, இவனுக்கு எப்படித் தெரிகிறது என்று குழப்பம். விஷயம் புரிந்ததும் ஆட்டத்தை நடத்துகிற கறுப்பு முகமூடிக்காரர் போனை எடுக்கிறார். விளக்கு அணைகிறது.

இதே கறுப்பு முகமூடிக்காரர்தான் இதற்கு முன்னால், அடுத்த ஆட்டம் என்ன என்று ஒரு டாக்டருக்கு ரகசியமாகச் சொல்லிக்கொடுத்த காவலாளிகளைக் கொன்று எல்லாரும் பார்க்கத் தொங்கவிட்டார். இங்கே எல்லாரும் சமம், அதைக் கெடுத்தவனுக்கு இதுதான் என்றார். சரி, அது திருட்டு. 30 வருடம் உலையடியில் நின்று கண்ணில் ஏறிய தொழில் எந்தத் திருட்டில் சேரும்?

இருட்டில் அந்த மனிதர் கோலிக்குண்டை எறிந்து சத்தத்தை வைத்துக் கண்டுபிடிக்கப் பார்க்கிறார். இன்னும் ஒரு குண்டு கிடைத்தால் தெரியும் என்கிறார். நேரம் ஓடுகிறது. பின்னால் நின்றவன் தள்ளிவிடுகிறான். எனக்கு அதற்கு மேல் உட்கார முடியவில்லை, எழுந்து வாசலுக்குப் போய்விட்டேன். நாங்களும் அப்படித்தான் தட்டிப் பார்ப்போம். உள்ளே பொந்து விழுந்த கட்டைக்கு ஒரு சத்தம், ஈரம் வற்றாத கட்டைக்கு ஒரு சத்தம். என் அப்பா கடைசிக் காலத்தில் கண் மங்கிப்போன பிறகும் கட்டையைத் தட்டிவிட்டு, இது ஏராவுக்கு, அதாவது படகின் அடிமரத்துக்கு ஆகும், இது ஆகாது என்று சொல்லிவிடுவார். அவர் சொல்லித் தப்பிப்போனதாக ஒரு படகு கிடையாது. அப்படிப்பட்ட ஒருத்தரின் காதையும் கண்ணையும், பார்க்கச் சுவாரசியம் குறைகிறது என்பதற்காக மூடிவிடுகிறார்கள். இத்தனைக்கும் முகமூடிகளுக்கு அவர்மேல் கோபம் ஒன்றும் இல்லை. அவர் பெயர்கூடத் தெரியாது. கோபம் இருந்தால் சண்டை போடலாம், காலில் விழுந்து கெஞ்சலாம். சலிப்போடு உட்கார்ந்திருப்பவனிடம் என்ன செய்ய முடியும்?

இப்படிப்பட்டவர்கள் கற்பனையில்தான் உண்டு என்று கட்டுரையாளர் நினைக்கிறார் போல. நான் சின்னப் பையனாக இராமேசுவரத்தில் இருந்தபோது தலைமன்னார் கப்பல் ஓடிக்கொண்டிருந்தது. கப்பல் வந்து நின்றால் பையன்கள் தண்ணீரில் கிடப்போம். மேல்தட்டில் நிற்பவர்கள் காசு வீசுவார்கள், முங்கி எடுப்போம். மூட்டை முடிச்சோடு இலங்கைத் தோட்டங்களில் இருந்து திருப்பி அனுப்பப்பட்ட சனங்களும் அதே கப்பலில்தான் வந்தார்கள். அவர்கள் எங்களைப் பார்த்து, மேலே ஏறுங்கடா, பிள்ளைகளா என்று கத்துவார்கள். காசு வீசுகிறவர்கள் வேறு ஆட்கள், கழுத்தில் கேமராவோடு நிற்பவர்கள். ஒரு தடவை ஒரு துரை காசுக்குப் பதிலாகச் சோடா மூடியை வீசினார். தண்ணீருக்குள் அதுவும் மின்னத்தானே செய்யும். நாலைந்து பேர் அடித்துப் பிடித்து முங்கினோம். மேலே வந்து கையைத் திறந்தால் அங்கே ஒரே சிரிப்பு. அவர் கெட்டவர் என்று நான் சொல்லமாட்டேன், அடுத்ததாக நிஜக் காசும் வீசினார். முகமூடிக்காரர்கள் பேசுவதைக் கேட்டபோது அந்தச் சிரிப்புதான் எனக்கு ஞாபகம் வந்தது. அதிலும் உப்புச்சப்பு இருக்கவில்லை.

கரையில் இருந்து பார்ப்பதே தப்பு என்று நான் சொல்ல வரவில்லை. எங்கள் கடற்கரையில் பாதி வாழ்க்கை பார்ப்பதுதான். முத்துக்குளிப்புக் காலத்துக் கதைகளைப் பெரியவர்கள் சொல்லிக் கேட்டிருக்கிறேன். கீழக்கரையில் இருந்து குளிகாரர்கள் மன்னார்க் கரைக்கும் தூத்துக்குடிக்கும் போவார்கள். தூத்துக்குடியில் கடைசியாக முத்துக்குளித்தது 1961-ல். அந்தக் காலத்தில் சிலோன் கரையில் எடுத்த சிப்பியில் மூன்றில் ஒரு பங்கு குளிகாரர்களுக்கு, மிச்சம் சர்க்காருக்கு. சர்க்கார் தன் பங்கைத் திறக்காமலே ஆயிரம் ஆயிரமாக ஏலம் விடும். உள்ளே முத்து இருக்கிறதா, வெறும் சதையா, வாங்குகிறவருக்கே தெரியாது. சுத்தமான சூதாட்டம்தான். பெரிய பெரிய செட்டிமாரும் மரைக்காயர்களும் அதில் பணம் போட்டார்கள், சிலர் கெட்டும் போனார்கள். ஆனால் பந்தயம் சிப்பி மேல்தான். முங்கினவன் மேலே வருவானா என்று யாரும் பணம் கட்டவில்லை.

அதே கரையில் கடல்கட்டி என்று ஒருவர் உட்கார்ந்திருப்பார். சுறாவின் வாயை மந்திரத்தால் கட்டுகிறவர். அவர் இல்லாமல் குளிகாரர்கள் தண்ணீரில் இறங்கமாட்டார்கள் என்பதால் வெள்ளைக்கார சர்க்காரே அவருக்குச் சம்பளம் கொடுத்தது. மந்திரத்தில் சுறா மயங்கியதா இல்லையா என்பது வேறு பேச்சு. அடியில் இருப்பவனின் உயிருக்குக் கரையில் ஒருவர் பொறுப்பு என்று ஓர் ஏற்பாடு இருந்தது. படகில் கயிறு பிடிப்பவரைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். கயிற்றை மச்சானிடம்தான் கொடுப்பார்கள் என்பது எங்கள் பக்கம் எல்லாரும் சொல்கிற சொல். தங்கச்சி தாலி அவன் கையில் இருக்கிறதே. மேலே இருந்து பார்க்கிறவன் கையில் கயிறு இருக்கிறதா என்பதுதான் எனக்குக் கேள்வி. தொடரில் அந்த மாடத்தில் சாராயம் இருக்கிறது, பழம் இருக்கிறது, தூரப் பார்வைக் கண்ணாடி இருக்கிறது. கயிறு மட்டும் யார் கையிலும் இல்லை.

தொண்டிப் பக்கம் திருவிழாவுக்குப் பாய்மரப் படகுப் போட்டி வைப்பார்கள். நான் கட்டிய வத்தை ஒன்றிரண்டு அதில் ஓடியிருக்கிறது. அங்கேயும் பணக்காரர்கள் உண்டு, முன்வரிசையில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு, பொன்னாடை போர்த்தி உட்கார வைப்பார்கள். ஒரு படகு கவிழ்ந்தால் அவரும்தான் வேட்டியை மடித்துக்கொண்டு எழுந்து நிற்கிறார். தோற்றவனை மறுநாள் அதே டீக்கடையில் பார்த்தாக வேண்டுமே! முகத்தை மூடிக்கொண்டு அங்கே யாரும் பார்க்க முடியாது, குரலை வைத்தே கண்டுபிடித்துவிடுவார்கள்.

கட்டுரை முடிவில், வீட்டில் உட்கார்ந்து தொடரைப் பார்க்கும் நாமும் முகமூடிக்காரர்கள்தான் என்று ஒரு வரி இருந்தது. படிக்க நன்றாக இருக்கிறது, எனக்கு மனசு ஒப்பவில்லை. பாகிஸ்தானில் இருந்து பிழைக்க வந்த அலி என்ற பையன், சம்பளம் கொடுக்காத முதலாளியிடம் போய் நிற்கும் இடத்தில் என் மருமகள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அவளுடைய தம்பி சவூதியில் இருக்கிறான். அவளையும் 69-ஐ 96 ஆக்கினவனையும் ஒரே பெஞ்சில் உட்கார வைப்பது எந்த ஊர் நியாயம்? அந்த வரியை எழுதியே ஆக வேண்டுமென்றால், 2023-ல் அதே நிறுவனம் நிஜ ஆட்கள் 456 பேரைக் கூட்டி, 45 லட்சத்து 60 ஆயிரம் டாலர் பரிசு வைத்து, அதே பச்சை உடுப்பில் நிஜப் போட்டி நடத்தியதே, அவர்களுக்கு எழுதியிருக்கலாம். அதில் யாரும் சாகவில்லை, உண்மைதான். ஆனால் கதையைப் படித்துவிட்டு இதை நடத்திப் பார்ப்போமே என்று தோன்றியிருக்கிறது பாருங்கள்.

கட்டுரையாளருக்கு ஒரு விஷயத்தில் நான் துணை நிற்கிறேன். 2025 ஜூனில் வந்த மூன்றாம் பாகத்தில் முகமூடிக்காரர்கள் காவலாளிகளின் ரோஸ் உடுப்பைப் போட்டுக்கொண்டு தாங்களே துப்பாக்கி எடுத்துச் சுடுகிறார்கள். அது எனக்குப் பிடிக்கவில்லை. துப்பாக்கி எடுத்த வில்லனை நாங்கள் கீற்றுக் கொட்டகைக் காலத்தில் இருந்து பார்த்துவிட்டோம். முதல் பாகத்தில் அவர்கள் ஒரு விரலையும் அசைக்கவில்லை, விளக்கைக்கூட வேறு ஆள்தான் அணைத்தார். பயமே அதில்தான் இருந்தது.

இனி உங்களிடம் ஒன்று. எங்கள் பக்கத்துப் பையன்களை இலங்கைக் கடற்படை பிடித்துக்கொண்டு போகும்போதெல்லாம், தரையில் புரண்டு அழும் பெண்ணின் முகத்தைப் பெரிதாகப் போடுகிறீர்கள். செய்தி வர வேண்டும், அதில் எனக்கு மறுப்பு இல்லை. சென்ற மாதம் வந்த படத்தில் இருந்த பெண் என் சொந்தக்காரி. சேலை விலகியிருந்தது. எடுத்தவர் அவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை, பெயரும் போடவில்லை, 'மீனவப் பெண்' என்று போட்டிருந்தது. அவள் இன்னும் சந்தைப் பக்கம் போகவில்லை. அடுத்த தடவை உங்கள் நிருபர் வரும்போது கேமராவை எடுக்கும் முன்னால் அவளிடம் கேட்டுவிட்டு எடுக்கட்டும். அந்தப் படத்தை உங்கள் இணையப் பக்கத்தில் இருந்தும் எடுத்துவிட்டால் நல்லது.

இப்படிக்கு,
ஓடாவி ஒருவர்,
மண்டபம்.

பி.கு.: கட்டுரையில் கண்ணாடித் தொழிலாளியின் எண் 18 என்று அச்சாகியிருக்கிறது. 17 என்று திருத்திக்கொள்ளுங்கள்.