ரூமியோடு யூனுஸ் எம்ரேயையும் எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற ஞாயிறு இணைப்பில் சூஃபிக் கவிதை பற்றி வந்த கட்டுரையை ஆசையாகப் படித்தேன். துருக்கி என்றதும் ரூமியோடு நின்றுவிட்டீர்களே என்பதுதான் என் வருத்தம். ரூமி 1273இல் மறைந்தது துருக்கி நகரமான கோன்யாவில்தான், சரி. ஆனால் அவர் பாடியது பெரும்பாலும் பாரசீகத்தில். அதே அனத்தோலியாவில், அதாவது துருக்கியின் ஆசியப் பகுதியில், அடுத்த தலைமுறையில், ஆடு மேய்ப்பவருக்கும் புரியும் துருக்கி மொழியில் பாடிய தர்வேஷ், அதாவது சூஃபித் துறவி, ஒருவர் உண்டு. அவர்தான் யூனுஸ் எம்ரே. ரூமியின் பார்வை தன்மேல் பட்டதை மரியாதையோடு பாடியவர்.

மங்கோலியர் படையெடுப்பில் நாடு குலைந்திருந்த காலம். பஞ்சத்தில் கோதுமை கேட்டு யூனுஸ், ஹாஜி பெக்தாஷ் என்ற சூஃபி ஞானியிடம் போனாராம். "கோதுமை வேண்டுமா, அருள் வேண்டுமா?" என்று கேட்டதற்குக் கோதுமையை வாங்கிக்கொண்டு நடந்தவர், பாதி வழியில் மனம் கேட்காமல் திரும்பினார். பெக்தாஷ் அவரை தப்துக் எம்ரேயிடம் அனுப்பிவைத்தார். அந்தக் குருவின் மடத்துக்கு நாற்பது வருடம் விறகு சுமந்தார். அதில் ஒரு கோணல் கட்டைகூட இருந்ததில்லை. இந்த வாசலுக்குள் கோணலானது எதுவும் நுழையக் கூடாது என்பது யூனுஸ் சொன்ன காரணம். இதெல்லாம் செவிவழிக் கதை. உறுதியாகச் சொல்லக்கூடியது, 1307இல் அவர் ஓர் அறிவுரைக் காவியம் எழுதினார் என்பது. ஆனால் மக்கள் மனதில் நிற்பவை அவருடைய சின்னச் சின்னப் பாட்டுகள்தான்.

என் மகள் துருக்கியின் எஸ்கிஷெஹிர் நகரில் குடியிருந்தபோது அங்கே போய்த் தங்கினேன். பக்கத்து வீட்டுப் பாட்டி மாவு பிசைந்துகொண்டே ஒரு பாட்டை முணுமுணுப்பார். மகளிடம் பொருள் கேட்டேன்: "சொர்க்கம் சொர்க்கம் என்கிறார்கள், சில மாளிகை, சில ஹூரிகள் (சொர்க்கத்துக் கன்னியர்), கேட்பவர்க்கு அதைக் கொடு, எனக்கு வேண்டியது நீ, நீயே." அந்தப் பாட்டி பள்ளிக்கூடம் போனதில்லை. எழுநூறு வருடத்துக்கு முந்தைய பாட்டு அவர் வாயில் அப்படி வந்தது!

"ஒரு நெஞ்சை உடைத்துவிட்டாய் என்றால், நீ தொழுதது தொழுகையே அல்ல" என்றும் பாடியிருக்கிறார். தொழுகையை வேண்டாம் என்றவர் அல்ல, தானும் தொழுதவர். அவர் சொன்னதால்தான் அந்த வரிக்கு இவ்வளவு கனம்.

அவர் அடங்கிய இடம் எங்கள் ஊர்தான் என்று துருக்கியின் கரமான் நகரமும் சொல்கிறது, எஸ்கிஷெஹிர் மாகாணத்தில் மிஹாலிச்சிக் பக்கத்துக் கிராமமும் சொல்கிறது. இன்னும் பல ஊர்கள் உரிமை கேட்கின்றன. 2009இல் வந்த துருக்கியின் 200 லீரா நோட்டில் அவர் முகமும் "நேசிப்போம், நேசிக்கப்படுவோம்" என்ற அவர் வரியும் அச்சாகியிருக்கின்றன.

துருக்கி மொழி அறிந்த ஒருவரைக் கொண்டு அவருடைய பாடல்களில் பத்துப் பாடல்களையாவது தமிழில் வெளியிடுங்கள். மூலத்தையும் தமிழ் எழுத்தில் பக்கத்தில் போடுங்கள். வாய்விட்டுப் படித்துப் பார்க்க வேண்டும் போலிருக்கிறது.

ஓய்வுபெற்ற ஆசிரியர்,
தென்காசி