அடுக்குமொழி பற்றி மகளுக்கு

அன்புள்ள பாப்பா,

நூல் வெளியீட்டு விழாவில் பேசுவதற்காக நீ எழுதி அனுப்பியதை ராத்திரியே படித்துவிட்டேன். அந்தக் கவிதைகளை நீ உண்மையிலேயே ரசித்திருக்கிறாய் என்பது தெரிகிறது. ஆனால் முதல் பக்கத்தில் அடைமொழி இல்லாத பெயர்ச்சொல்லைத் தேட வேண்டியிருக்கிறது. 'செழுந்தமிழ்', 'தீஞ்சுவைக் கவி', 'அலைகடலெனத் திரண்ட அவை' என்று போய்க்கொண்டே இருக்கிறது. படித்ததும் எனக்கு அரிஸ்டாட்டில்தான் ஞாபகம் வந்தார்.

இந்த நோய்க்கு வயது அதிகம். சிசிலியில் லியான்டினி என்ற ஊரிலிருந்து கி.மு. 427-இல் ஏதென்ஸுக்குத் தூதராக வந்த கிரேக்கப் பேச்சாளர் கோர்கியாஸ், அளவொத்த வாக்கியங்களும் முரண்களும் ஒரே ஓசையில் முடியும் தொடர்களுமாகப் பேசி அந்த ஊரையே சொக்க வைத்தார். நம் மேடைகளில் கைதட்டி வளர்த்த அடுக்குமொழிக்கு அவரைத் தூரத்து உறவு என்று சொல்லலாம். பேச்சு ஒரு பேரரசன், கண்ணுக்கே தெரியாத உடம்பை வைத்துக்கொண்டு தெய்வச் செயல்களைச் செய்கிறது என்று, ட்ராய் போருக்குக் காரணம் எனப் பழிக்கப்பட்ட ஹெலனுக்காக எழுதிய உரையில் சொன்னவர் அவர். எனக்கு அந்த இடம் மிகவும் பிடிக்கும். அவர் மொழியை நேசித்தவர், அதில் சந்தேகமே இல்லை.

சுமார் நூறு வருஷம் கழித்து அரிஸ்டாட்டில் பேச்சுக்கலையைப் பற்றி எழுதும்போது, கோர்கியாஸுடையது கவிதைக்குரிய நடை, உரைநடைக்கு முதல் தேவை தெளிவு என்று கறாராகச் சொல்லிவிடுகிறார். கோர்கியாஸின் மாணவர் அல்கிடாமஸ்தான் அவரிடம் நன்றாக மாட்டிக்கொள்கிறார். மனிதர் வியர்வை என்று விடமாட்டார், 'ஈர வியர்வை' என்பார். வியர்வை ஈரமாகத்தானே இருக்கும்? அடைமொழி இவருக்குத் தாளிதம் இல்லை, அதுவே சாப்பாடு என்கிறார் அரிஸ்டாட்டில். உன் முதல் பக்கத்தை இதை மனதில் வைத்துக்கொண்டு ஒரு தடவை படித்துப் பார்.

அவர் சொல்வதில் எல்லாவற்றையும் நான் ஏற்கவில்லை. ஹோமரின் காவியத்தைப் பற்றி 'ஒடிசி மனித வாழ்க்கையின் அழகிய கண்ணாடி' என்று அல்கிடாமஸ் எழுதியதையும் எடுபடாத வரி என்று ஒதுக்குகிறார், எனக்கோ அது நல்ல வரியாகவே படுகிறது. ஆனால் நடிகர் தியோடோரஸைப் பற்றி அவர் சொல்வதை மறுக்கவே முடியாது. மற்ற நடிகர்களின் குரல் வேறு யாருடையதோ போல ஒலிக்கும், தியோடோரஸின் குரலோ அந்தப் பாத்திரத்தின் குரலாகவே கேட்கும். பேச்சும் அப்படித்தான், செய்து வைத்தது என்று தெரிந்த நிமிஷமே, நம்மிடம் ஏதோ வேலை காட்டுகிறார்கள் என்று கேட்பவர் உஷாராகிவிடுகிறார்.

அதற்காக மொட்டையாக எழுதச் சொல்கிறார் என்று நினைத்துவிடாதே. போரில் இளைஞர்களைப் பறிகொடுத்த ஊரைப் பற்றி ஏதென்ஸின் தலைவர் பெரிக்ளிஸ் சொன்னதை அவர் எடுத்துக்காட்டுகிறார்: வருஷத்திலிருந்து வசந்தத்தை எடுத்துவிட்டது போல இருக்கிறது. அவ்வளவுதான். இதில் அடைமொழி ஒன்றுகூட இல்லை, ஆனால் மரம் துளிர்க்காத ஒரு வருஷம் கண்முன் வந்து நிற்கிறது, வீடு வீடாகப் பிள்ளைகள் இல்லாததும் தெரிகிறது. ஹோமரிடமும் இதையே பாராட்டுகிறார். பாதாளத்தில் முடிவில்லாமல் கல் உருட்டும் தண்டனை பெற்ற சிசிஃபஸ் உருட்டி உருட்டி மேலே ஏற்றும் கல் 'வெட்கங்கெட்ட கல்', அது மறுபடி கீழே ஓடிவிடுகிறது. உயிரில்லாத கல்லுக்கு எவ்வளவு திமிர் பார்!

உருவகத்தை இன்னொருவரிடமிருந்து கற்றுக்கொள்ள முடியாது என்று கவிதையைப் பற்றிய நூலில் அரிஸ்டாட்டில் எழுதுகிறார். உனக்கு அது இருக்கிறது பாப்பா. இரண்டாம் பக்கத்தில் 'இவருடைய கவிதைகளில் கதவுகள் அடம்பிடிக்கின்றன' என்று எழுதியிருக்கிறாயே, அந்தப் புத்தகத்தைப் படித்தவர் மட்டுமே எழுதக்கூடிய வரி அது. அதிலிருந்தே பேச்சைத் தொடங்கு.

அப்புறம் வரிசை. பிளேட்டோவின் 'ஃபைட்ரஸ்' உரையாடலில், பேச்சு என்பது தலையும் காலும் உள்ள ஓர் உயிர் போல இருக்க வேண்டும் என்று சாக்ரடீஸ் சொல்லிவிட்டு, அப்படி இல்லாததற்கு மிடாஸ் என்பவரின் கல்லறைக் கவிதையை உதாரணம் காட்டுவார். நான்கே வரி, எதை முதலில் படித்தாலும் எதைக் கடைசியில் படித்தாலும் ஒன்றுதான். உன் மூன்றாவது பத்தியையும் ஐந்தாவதையும் இடம் மாற்றிப் படித்தேன், ஒரு வித்தியாசமும் தெரியவில்லை. அந்த இரண்டில் எது இல்லாவிட்டால் பேச்சு நொண்டும் என்று பார்த்து, மற்றதை எடுத்துவிடு.

திருத்தியதும் அனுப்பு. அம்மாவும் படிக்க வேண்டும் என்கிறாள், எழுத்தைக் கொஞ்சம் பெரிதாக வை.

அன்புடன்,
அப்பா