அந்த ஒரு வார்த்தை

அன்புள்ள மலர்,

போன ஞாயிறு நீ படிப்பை மாற்றப் போவதாகச் சொன்னதும் என் வாயில் முதலில் வந்தது, "அப்போ நாலு வருஷமும் வீணா?" நீ ஒன்றும் சொல்லாமல் போனை வைத்துவிட்டாய். அப்பா அன்று ராத்திரி என்னோடு பேசவே இல்லை. மறுபடி போன் போட்டால் இன்னும் ஏதாவது உளறுவேன், அதனால் எழுதுகிறேன் கண்ணு.

2016 ஆகஸ்ட் 15 நினைவிருக்கிறதா? விடியற்காலை ஐந்தரை மணிக்கு, பள்ளிக்கூடத்துக்குக் கொடியேற்றப் போகாமல் டிவி முன்னால் உட்கார்ந்து நான் கத்திய கத்தலில் நீ எழுந்து வந்து திட்டினாய். ஒலிம்பிக் நடந்த ரியோவில் அப்போது முந்தைய நாள் இரவு. கொலம்பியாக்காரி கத்தரீன் இபார்குவென் ட்ரிபிள் ஜம்ப்பில், அதுதான் மும்முறைத் தாண்டலில், 15.17 மீட்டர் தாண்டினாள். தடகளத்தில் அவள் நாட்டுக்கு அதுதான் முதல் ஒலிம்பிக் தங்கம்.

நான் கத்தியதற்குக் காரணம் உண்டு. 1984இல் நான் கல்லூரியில் நீளம் தாண்டியபோது பெண்களுக்கு ட்ரிபிள் ஜம்ப்பே கிடையாது. பையன்கள் ஹாப், ஸ்டெப், ஜம்ப் என்று போவதை ஓரமாக நின்று பார்ப்பேன். "பொம்பளைங்க உடம்புக்கு அது ஆகாது" என்றார் ஒரு மாஸ்டர். ஆண்களுக்கு 1896இலேயே ஒலிம்பிக்கில் இருந்த போட்டி, பெண்களுக்கு 1996 அட்லாண்டாவில்தான் வந்தது. அதற்குள் நீயே பிறக்கப் போகிற நேரம்.

சரி, அவள் கதைக்கு வருகிறேன். அபார்த்தாதோ என்ற வாழைத் தோட்டத்து ஊரில் பாட்டியிடம் வளர்ந்தவள். அவள் முதலில் தாண்டியது உயரம். 1.93 மீட்டர், அது அப்போது அவள் நாட்டுச் சாதனை. 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் இறுதிச் சுற்றுக்குப் போகவில்லை. 2008 பெய்ஜிங்குக்குத் தகுதியே பெறவில்லை. அப்போது அவளுக்கு வயது 24. விட்டுவிடலாமா என்றுகூட யோசித்திருக்கிறாள். போர்ட்டோ ரிக்கோவுக்குப் போய் நர்சிங் படித்தாள். அங்கே உபால்டோ துவானி என்ற கியூபா பயிற்சியாளர் அவளை ட்ரிபிள் ஜம்ப் பக்கம் திருப்பினார்.

ஹாப்பில் எந்தக் காலால் எழும்புகிறோமோ அதே காலில் இறங்கி, அதே காலால் உடனே மறுபடி எழும்ப வேண்டும், அதுதான் ஸ்டெப். அந்த ஒரு கணத்தில் உடம்பு எடையைப் போலப் பல மடங்கு அந்த ஒற்றைக் கால்மேல் இறங்கும். நான் பழக்கிய பிள்ளைகளில் முக்கால்வாசிப் பேர் ஸ்டெப்பில்தான் சுருண்டுவிடுவார்கள்; அதைச் சொல்லிச் சொல்லியே என் தொண்டை போனது. இவளுக்கு அந்தக் கால் எங்கிருந்து வந்தது? வருஷக்கணக்காக ஒற்றைக் காலில் உந்தி உயரம் தாண்டிய கால் அது. இதைப் போன ஞாயிறே உன்னிடம் சொல்லாமல் வேறு எதையோ சொன்னேன்.

2012 லண்டனில் 14.80, வெள்ளி. மூன்றாவதாக வந்தவளுக்கும் இவளுக்கும் ஒரே ஒரு சென்டிமீட்டர்! அங்கே கஜகஸ்தானின் ரிபகோவாவிடம் தோற்ற பிறகு தொடர்ந்து 34 போட்டிகளில் ஜெயித்தாள். 2016இல் அதை நிறுத்தியதும் அதே ரிபகோவாதான். இரண்டு மாதம் கழித்து ரியோ. அடுத்த வருஷம் உலகப் போட்டியில் இரண்டு சென்டிமீட்டரில் தங்கம் போனது, வெனிசுலாவின் யூலிமார் ரோஹாஸிடம். அதையும் விழித்திருந்து பார்த்தேன், அன்று கத்தவில்லை.

2021 டோக்கியோ ஒலிம்பிக்கில் அவளுக்கு 37 வயது. கொலம்பியக் கொடியைப் பிடித்து வந்தாள். இறுதிச் சுற்றில் முதல் எட்டுப் பேருக்குத்தான் கூடுதலாக மூன்று தாண்டல், இவள் பத்தாவது. மூன்றோடு உட்கார்ந்துவிட்டாள். அதே குழியில் ரோஹாஸ் 15.67 தாண்டி, 1995லிருந்து நின்ற உலகச் சாதனையை உடைத்தாள். எனக்கென்னவோ கண் இவள் மேலேயேதான் இருந்தது.

நேற்று சாயங்காலம் அப்பாவைக் கூட்டிக்கொண்டு பள்ளி மைதானத்துக்குப் போனேன். தாண்டவில்லை, பயப்படாதே, முழங்கால் ஒத்துக்காது. டேப்பின் ஒரு முனையை அவர் பிடிக்க, 15.17 அளந்து செருப்பால் மண்ணில் கோடு போட்டேன். "இவ்வளவு தூரமா?" என்றார். அந்த ஞாயிற்றுக்குப் பிறகு என்னிடம் அவர் பேசிய முதல் பேச்சு அதுதான்.

அந்த "வீணா"வை நான் திரும்ப வாங்கிக்கொள்கிறேன். புதுப் படிப்பு என்ன, எங்கே, பணம் எவ்வளவு ஆகும் என்று விவரமாக எழுது. பருப்புப் பொடி வெள்ளிக்கிழமை அனுப்புகிறேன்.

அம்மா