எட்டாம் வகுப்புப் பெற்றோருக்கு: ‘அல்லி’ நாட்காட்டி பற்றி

அன்புள்ள பெற்றோருக்கு,

வணக்கம்.

இரண்டு வாரங்களாக எட்டாம் வகுப்புப் பிள்ளைகளின் வீடுகளிலிருந்து வரும் தொலைபேசி அழைப்புகளில் பாதி ஒரே விஷயத்தைப் பற்றித்தான்: பிள்ளைகள் ஒரு கற்பனைக் கோளுக்காகச் செய்த நாட்காட்டி. “எனக்கு 15 வயது ஆகிவிட்டது, போன் வாங்கிக் கொடுங்கள் என்று அடம்பிடிக்கிறான் சார், அவனுக்கு 13தானே?” என்றார் ஒரு தாய். “நோட்டில் தேதி எழுதும் இடத்தில் ‘தேய் 4’ என்று இருக்கிறது, இது எந்தப் பாடம்?” என்று கேட்டார் ஒரு தந்தை. தனித்தனியாகப் பதில் சொல்வதைவிட எல்லோருக்கும் சேர்த்து எழுதிவிடுகிறேன்.

ஆரம்பித்து வைத்தது ஒரு மாணவியின் கேள்வி. பிப்ரவரிக்கு மட்டும் ஏன் 28 நாள்? கணக்கு ஆசிரியை உடனே விடை சொல்லவில்லை. “நீங்களே ஒரு நாட்காட்டி செய்து பாருங்கள், அப்புறம் பேசலாம்” என்றார். வகுப்பு ஒரு கோளைக் கற்பனை செய்தது. அதன் ஆண்டுக்கு 311 நாள். நாளின் நீளம் மட்டும் நம்முடையதேதான். அதற்கு ஒரே ஒரு நிலா. இரவில் மலர்வதால் அதற்கு அல்லி என்று பெயர் வைத்தார்கள். ஒரு முழுநிலவிலிருந்து அடுத்த முழுநிலவுக்கு 23.4 நாள். “முழுநிலவிலிருந்து” என்று அழுத்திச் சொல்லக் காரணம் உண்டு. நம் நிலா பூமியை ஒரு சுற்றுச் சுற்ற 27.3 நாள்தான் ஆகிறது. ஆனால் அதற்குள் பூமியும் சூரியனைச் சுற்றிக் கொஞ்சம் நகர்ந்துவிடுவதால், மறுபடி முழுநிலவு வர சராசரியாக 29.53 நாள் ஆகிறது. எதை மாதமாக எடுப்பது என்பதிலேயே ஒரு முழுப் பாடவேளை போயிற்று. கண்ணுக்குத் தெரிவதைத்தான் எண்ண முடியும் என்று வாதாடியவர்கள் ஜெயித்தார்கள். நிலவுக்கும் மாதத்துக்கும் திங்கள் என்ற ஒரே சொல்லை வைத்திருக்கிற மொழிக்காரர்களுக்கு அது நியாயமான முடிவுதான்.

23.4 நாளில் மாதம் நடத்த முடியாது. அதனால் 23, 24, 23, 24, 23 என்று ஐந்து மாதங்களை அடுக்கினார்கள். கூட்டினால் 117. ஐந்து தடவை 23.4 என்பதும் 117. இது சுலபமாக முடிந்துவிட்டது. தலைவலி ஆண்டில்தான். பதின்மூன்று மாதம் போட்டால் 304.2 நாள், அதாவது 6.8 நாள் குறைகிறது. பதினான்கு போட்டால் 16.6 நாள் கூடுகிறது. நமக்கும் இதே தொல்லை உண்டு. நம் நிலாவின் பன்னிரண்டு மாதம் சேர்ந்தால் 354 நாள்தான். சூரிய ஆண்டுக்கு ஏறக்குறைய 11 நாள் குறைவு.

மூன்று நாள் கரும்பலகையில் தகராறு நடந்தது. கடைசியில் ஒரு குழு கண்டுபிடித்த வழி இது: ஏழு ஆண்டுக்கு 2177 நாள், 93 மாதத்துக்கு 2176.2 நாள். எனவே ஆண்டுக்குப் பதின்மூன்று மாதம் வைத்து, ஏழு ஆண்டில் இரண்டு முறை மட்டும் கூடுதலாக ஒரு மாதம் சேர்த்தால் போதும், 0.8 நாள்தான் பிசகும். கைதட்டல் அடங்கிய பிறகுதான் ஆசிரியை மெட்டன் கதையைச் சொன்னார். பொ.ஆ.மு. 432இல் ஏதென்ஸில் வாழ்ந்த அந்த வானியலாளர், 19 ஆண்டும் 235 நிலா மாதமும் ஏறக்குறைய ஒரே நீளம் என்ற கணக்கை வைத்து ஒரு சுழற்சியை அறிவித்தார். பிள்ளைகள் செய்ததும் அதே வேலைதான், நிலாதான் வேறு.

நான் வியந்தது அதற்கு அடுத்த வாரம். வகுப்பில் அதிகம் பேசாத ஒரு பையன் ஒரு தாளோடு என் அறைக்கு வந்தான். 31 ஆண்டு, 412 மாதம், பிசகு 0.2 நாள் மட்டுமே என்று எழுதியிருந்தான். நானும் போட்டுப் பார்த்தேன், சரியாக இருந்தது. வகுப்பில் வாக்கெடுப்பு வைத்தார்கள். அவன் தோற்றுப்போனான்! “31ஐ யார் ஞாபகம் வைத்துக்கொள்வது? ஏழென்றால் தம்பிக்குக்கூடச் சொல்லலாம்” என்பது எதிர்த்தரப்பு வாதம். எனக்கு அவன் பக்கம்தான் மனம் இருந்தது. ஆனால் எதிர்த்தரப்பு சொன்னதும் தப்பில்லை. பிசகைச் சேர விட்டால் என்ன ஆகும் என்பதற்கு உதாரணமாக 1582ஐ ஆசிரியை சொன்னார். பழைய நாட்காட்டியில் சேர்ந்துவிட்ட பிசகைச் சரிசெய்ய, அந்த ஆண்டு அக்டோபரிலேயே புதிய கணக்கை ஏற்ற நாடுகளில் அக்டோபர் 4க்கு மறுநாள் அக்டோபர் 15 ஆனது. பத்து நாள் காணாமல் போனதைக் கேட்டு, அந்த நாட்களில் பிறந்தநாள் வருகிறவர்கள் என்ன செய்தார்கள் என்றுதான் வகுப்பு கவலைப்பட்டது.

வாரம் பற்றியும் சண்டை. பத்து நாள் வாரம் வேண்டும் என்றார்கள், ஒரே ஒரு விடுமுறை என்று தெரிந்ததும் வேண்டாம் என்றார்கள். 1793இல் பிரான்ஸ் புரட்சிக்காரர்கள் செய்து பார்த்து, பிறகு கைவிடப்பட்ட ஏற்பாடுதான் அது.

வயது விஷயத்துக்கு வருகிறேன். 311 நாள் ஆண்டில் 13 வயதுப் பிள்ளைக்கு 15 ஆகிவிடும், கணக்கு சரியே. அப்படிப் பார்த்தால் 52 வயதான எனக்கு 61. நான் ஓய்வு பெற்று வீட்டில் இருக்க வேண்டியவன். போன் விஷயத்தில் பூமி வயதையே கடைப்பிடியுங்கள்.

இது பாடத்திட்டத்தில் இருக்கிறதா என்றால், இந்தப் பெயரில் இல்லை. தசமம், மீதி, விகிதம் எல்லாம் இருக்கின்றன. அவற்றுக்காக வழக்கமாகக் கொடுக்கும் பயிற்சித் தாளை இந்த மாதம் நிறுத்திவிட்டோம், அதனால் கூடுதல் சுமை இல்லை. நோட்டில் வழக்கமான தேதியைத்தான் எழுத வேண்டும் என்று நேற்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன்.

உங்களிடம் ஓர் உதவி வேண்டும். இன்றிலிருந்து ஒரு மாதம், இருட்டியதும் பிள்ளைகள் ஐந்து நிமிடம் வெளியே போய் நம் நிலாவைப் பார்த்து அதன் வடிவத்தை வரைய வேண்டும். நிலா நாளுக்குச் சுமார் 50 நிமிடம் தாமதமாக எழும். முழுநிலவு கழிந்தால் தூங்கும் நேரம் வரைக்கும் தென்படாமல் போகலாம். அதற்காகக் கண்விழிக்க வைக்காதீர்கள். ‘தெரியவில்லை’ என்று எழுதினால் போதும், மதிப்பெண் குறையாது. போனைப் பார்த்து வரைய விடாதீர்கள். போன தடவை அப்படி வரைந்தவர்கள், ஊரே நனைந்த மழை இரவில் பளிச்சென்று ஒரு நிலாவை வரைந்து மாட்டிக்கொண்டார்கள்.

மாத முடிவில் பள்ளியில் ஒரு சிறு கண்காட்சி இருக்கும். அழைப்பிதழைப் பிள்ளைகளே தயாரிக்கிறார்கள். அதில் இரண்டு தேதிகள் போடுவோம் என்று பிடிவாதமாக இருக்கிறார்கள், நானும் சம்மதித்துவிட்டேன். மேலே இருக்கும் தேதியைப் பார்த்து வாருங்கள்.

அன்புடன்,
தலைமையாசிரியர்